தலைவிலை

தாழைவிளை என்றுதான் எழுதிக் கொடுத்தார்களாம்.
திருவனந்தபுரத்தில் யாரோ அதை
ஆங்கிலத்தில் தட்டச்சு செய்தார்.
ழகரம் அங்கேயே இறங்கிவிட்டது.

மஞ்சள் பலகை எழுத வந்தவன்
இந்தப் பக்கத்து ஆளில்லை.
கையிலிருந்த தாளைப் பார்த்தான்,
வெயிலைப் பார்த்தான்,
கறுப்பு மையில் ஓரடி உயரத்துக்கு எழுதினான்:
தலைவிலை.
புதர் வெட்டிய இடத்தில்
தாழை வேர் இன்னும் ஈரமாய்க் கிடந்தது.

முதல் டிக்கெட் பாலையனுக்கு.
தலைவிலை – நாகர்கோவில், ஒரு ரூபாய் இருபது.
அட்டையைத் திருப்பித் திருப்பிப் பார்த்தவர்
"ஒரு தலைக்கு இவ்வளவுதானா டே?" என்றாராம்.
வரிசை சிரித்தது.
பிறகு வந்த எல்லோரும் அதே பகடியைச் சொன்னார்கள்,
தாமே கண்டுபிடித்ததுபோல.

ஹால்ட் ஏஜென்ட் தாசையனுக்குச் சம்பளம் கிடையாது,
விற்றதில் கமிஷன்.
முன்பணம் கட்டி டிக்கெட் வாங்கிவர
குழித்துறைக்கு சைக்கிளில் போவார்.
மழையென்றால் கட்டை ரப்பர் ஷீட்டில் பொதிந்து
தான் நனைந்து வருவார்.
மரச்சீனிச் சாக்கு லக்கேஜில் சேராது என்பது
அவருடைய சொந்தச் சட்டம்.
மெடிக்கல் காலேஜுக்குப் போகிறவர்களிடம்
ரிட்டன் வேண்டுமா என்று
கேட்கமாட்டார்.

பெயரைத் திருத்தச் சொல்லி ஒன்பது மனு.
ஒன்பதுக்கும் ஒரே பதில்:
பரிசீலனையில் உள்ளது.

ஒரு டிசம்பர் இரவில்
கேரல் பாடித் திரும்பிய பையன்கள்
தாரும் தென்னமட்டையுமாய்ப் போய்
லகரத்தை ளகரமாக்கினார்கள்.
பிடிபட்டது என் சித்தப்பா யோவேல் மட்டும்.
அவருக்குத்தான் ஓட வராது.
அபராத ரசீதில்
குற்றம் நடந்த இடம்: தலைவிலை.
மறுவாரமே ஆள் வந்து
பிழையைப் பிழையில்லாமல்
திரும்ப எழுதிவிட்டுப் போனான்.

முதலில் மாலை வண்டி நிற்பதை நிறுத்தியது.
பிறகு நோய் வந்த வருஷம், எல்லாம்.
வண்டிகள் திரும்பி வந்தபோது
பட்டியலில் நாங்கள் இல்லை.
மூடுவிழா என்று ஒன்று உண்டா, தெரியாது.
தாசையன் மிச்ச டிக்கெட்டை எண்ணித் திருப்பிக் கொடுத்தார்.
ஒன்று குறைந்தது.
அதற்குக் காசை அவரே வைத்தார்.

இப்போது பிளாட்பாரத்தில் நல்லமிளகு காய்கிறது.
டிக்கெட் ஜன்னலைச் செங்கல் வைத்து அடைத்தாயிற்று.
இரண்டாவது தண்டவாளத்துக்கு மண் கொட்டியவர்கள்
பலகையைப் பிடுங்க வந்தார்கள், ஒரு வியாழக்கிழமை.
மனுவில் கையெழுத்துப் போட்ட ஆட்களே
குறுக்கே போய் நின்றார்கள்.
"அது எங்களுக்க பேராக்கும்."

பலகை நிற்கிறது.
ரேஷன் அட்டையில் அதே பெயர்,
சர்ச் வாசலில்,
கல்யாணக் கார்டில், 'ஸ்டேஷன் அருகில்' என்ற குறிப்போடு.
மார்த்தாண்டம் பஸ்ஸில் கண்டக்டர் கூவுகிறார்:
"தலைவெல எல்லாம் எறங்கு!"
தலையை எண்ணிக்கொண்டு இறங்குகிறோம்.

மஸ்கட்டில், இரவு ட்யூட்டியில்,
என் பாஸ்போர்ட்டைப் புரட்டிய தஞ்சாவூர்க்காரி
பிறந்த இடத்தில் விரலை வைத்தாள்.
ஆங்கில எழுத்துக்கு எதுவும் தெரியாது,
அது எல்லாவற்றுக்கும் இடம் கொடுக்கும்.
"இதை எப்படிப் படிக்கிறது? அர்த்தம் என்ன?"

ட்ரிப் தீர்ந்த மணி அடித்தது.
எழுந்துகொண்டே சொன்னேன்:
ஒரு பூ.
முள் இருக்கும்.