முழுக்கைச் சட்டை

மோர்ப்பண்ணை நண்டுக் கொட்டகையில்
காலை ஆறரைக்கு
என் ஒன்பது வருட ஆட்டம் வரிசையாக உட்கார்ந்து
வலையிலிருந்து நண்டு கழிக்கிறது.

சேதுராக்கு மதினி சேலைக்கு மேல் போட்டிருப்பது
கோலாப்பூர்ப் பச்சை.
அந்த அணி இப்போது இல்லை.
சர்க்கரை ஆலை நொடித்ததும் முதலாளி
பேருந்தை விற்றார், பிறகு பந்துகளை,
கடைசியில் எங்களை.
எங்களை வாங்கத்தான் ஆளில்லை.

முதுகில் எண் மூன்று, அதற்கு மேல் 'வில்லி'.
வில்லாயுதம் என்ற பெயர்
துணியில் அடங்கவில்லை என்றார்கள்.
வர்ணனையாளர் அதையும் வில்லியம் ஆக்கினார்.
மதினியைக் கொட்டகையில் எல்லோரும்
'ஏ வில்லி' என்றுதான் கூப்பிடுகிறார்கள்.
அவளுக்கு அது பிடித்துத்தான் இருக்கிறது.

பூமயில் போட்டிருக்கும் நீலத்தின் தோளில்
லீக்கின் முத்திரை.
அந்த வருடம் நாங்கள் முதல் நிலை,
நாட்டில் அதற்கு மேல் ஒன்றும் கிடையாது.
இருளாயி தோளிலும் அதே முத்திரை, அதே எழுத்து,
ஆனால் இரண்டாம் நிலை.
நடுவில் என்ன நடந்தது என்பதற்கு
வக்கீல் வைத்து ஏழெட்டுக் கூட்டம் போட்டார்கள்.
எனக்குத் தெரிந்தது இவ்வளவுதான்:
நாங்கள் தோற்று இறங்கவில்லை.
லீக்கே இறங்கியது.

இதை எங்கள் ஊரில் யாருக்கும் விளக்க வேண்டியதில்லை.
நங்கூரம் போட்ட இடத்திலேயே கிடக்கிறது வள்ளம்,
வத்தத்தில், சேற்றில் ஒருக்களித்து.
வள்ளம் எங்கும் போகவில்லை.
தண்ணீர்தான் போய்விட்டது.
ஏத்தம் எப்போது என்று கேட்டால்
கடலுக்கு ஒரு கணக்கு உண்டு.
டெல்லிச் சுற்றறிக்கைக்கு அதுவும் இல்லை.

வலை என்றதும் நீங்கள் எதிர்பார்ப்பது தெரியும்.
கோல் வலைக்கும் நண்டு வலைக்கும் சம்பந்தமில்லை.
அதில் நான் அடித்தது மொத்தம் இரண்டு.
ஒன்று எங்கள் வலையில்.

மதியம் இரண்டு மணிக்கு ஆடுவோம்.
விளக்குக்கு வாடகை கட்டாது.
ஓர் ஆட்டத்துக்கு நாற்பத்தொரு பேர் வந்தார்கள்,
அதில் போலீஸ் பதினெட்டு.
ஐஸ்வாலிலோ மலையே
கூரை மேல் ஏறி நின்று கத்தியது.
ஸ்ரீநகரில் பனி கொட்டியபோது
பந்தைப் பார்க்காமல் அண்ணாந்து நின்றேன்.
இங்கே பெட்டி இருநூறு ரூபாய்,
அங்கே சும்மா விழுகிறது.

ஒரே ஒரு கேமரா.
இரண்டாம் பாதியில் என் பக்கம் முழுக்கக் கூரை நிழல்.
மச்சான் துளசிநாதன் போனில் கடைசிவரை பார்த்துவிட்டு
"நீ இறங்கவே இல்லையா?" என்றான்.
தொண்ணூறு நிமிடமும் ஆடியிருந்தேன்.
என் பக்கமாக யாரும் நுழையவில்லை,
அதனால் கேமராவும் வரவில்லை.

குருவம்மாளின் மஞ்சள் மட்டும்
நான் கொடுக்க யோசித்தது.
அந்தச் சீசன் நாங்கள்தான் சாம்பியன்.
இம்பாலில் கடைசி விசில் ஊதியபோது
கோல்கீப்பர் லால்ரின்சங்கா
கம்பத்தைக் கட்டிக்கொண்டு அழுதான்,
மேலே போகிறோம், மேலே போகிறோம் என்று.
ஜூலையில் கடிதம் வந்தது:
மைதானத்தில் நாற்காலி போதாது,
வங்கி உத்தரவாதம் போதாது.
கோல் போதாது என்று அதில் எங்கும் எழுதியிருக்கவில்லை.
இப்போது அந்த மஞ்சளின் நெஞ்சில் இருப்பது
நண்டுச் சாறு. துவைத்தாலும் போகாது.

நேற்று இரவு மேலாளர் செய்தி:
லீக்குக்கு மறுபடி பெயர் மாற்றம்.
பத்து அணியா பதின்மூன்றா தெரியாது.
போன சீசன் பாக்கி இரண்டு மாதச் சம்பளம்
'பார்க்கலாம்'.
ஞாயிற்றுக்கிழமை ராமநாதபுரத்தில் ரயில் ஏறினால் போதுமாம்.

எனக்கு முப்பத்திரண்டு.
வலது முழங்கால் அதைவிட மூத்தது.

கொட்டகையில் இதைச் சொன்னேன்.
மதினி நிமிரவில்லை.
ஓலைக்கால் நண்டின் கொடுக்கை
நூல் அறாமல் விடுவித்துக்கொண்டே சொன்னாள்:

"போறதுன்னா போ.
இந்தத் தடவை முழுக்கையாக் கேட்டு வாங்கு.
வெயிலு கையத் திங்குது."