கேட்டால் கையை உயர்த்துங்கள்

சயானில், மாநகராட்சி ஆஸ்பத்திரியின் மூன்றாம் மாடியில்
ஓர் ஆள் மட்டும் உட்காரும் அறை.
சுவரெல்லாம் துளைபோட்ட தகரம், அதற்குள் பஞ்சு,
ஐஸ் பெட்டிக்கு இருப்பதுபோல் தடித்த கதவு.
கண்ணாடிக்கு வெளியே நான்.
பொத்தானை அழுத்துவது வேலை.
கேட்டால் கையை உயர்த்துங்கள் என்பேன்,
மராத்தியில், இந்தியில், தமிழில்,
நாளுக்கு நாற்பது பேரிடம்.

தவசிக்கனி முதல்முறை வந்தது
பிள்ளையார் கரைத்த மூன்றாம் நாள்.
தாராவி தொண்ணூறடி ரோட்டில் சவுண்ட் சர்வீஸ்.
லாரி உயரத்துக்கு அடுக்குகிற பெட்டிகள் அவருடையவை.
அவை போன வழியில்
எங்கள் வீட்டு எவர்சில்வர் டம்ளர்கள்
அலமாரியில் தாமாக நடந்ததை
அவரிடம் நான் சொல்லவில்லை.

வலது காது சுமார்.
பெட்டிப் பக்கம் நின்ற இடது காது பாதி போய்விட்டது.
எழுதிக் கொடுத்து அனுப்பினேன்.
அடுத்த மாதம் வந்தார்.
அதற்கடுத்த மாதமும்.
பத்து ரூபாய்க் கேஸ் பேப்பர், அதே கட்டம் போட்ட சட்டை.
இப்போ என்ன பிரச்சினை என்றேன்.
சும்மா, என்றார்.

உள்ளே போகுமுன் செருப்பைக் கழற்றி
ஓரமாக வைப்பார், யாரும் சொல்லாமலே.
கதவு சாத்தியதும் தோள் இரண்டும்
சுமை இறக்கினதுபோல் இறங்கும்.

ஒருநாள் பொத்தானிலிருந்து விரலை எடுத்துவிட்டுப்
பேனா தேடிக்கொண்டிருந்தேன்.
உள்ளே கை உயர்ந்தது.
தாழ்ந்தது.
சற்றுப் பொறுத்து மறுபடி உயர்ந்தது, மெதுவாக,
தூங்கும் பிள்ளைக்கு மூச்சு வருகிறதா என்று
மூக்கருகே கொண்டுபோகிற கைபோல.

நான் ஒன்றும் அனுப்பலையே, என்றேன் வெளியே வந்தவரிடம்.
நீங்க அனுப்பலையா?
காதைத் தேய்த்துக்கொண்டார்.
அப்ப சரி.
எது சரி என்று கேட்பதற்குள்
அடுத்த சீட்டுக்காரர் உட்கார்ந்துவிட்டார்.

இதற்கென்றே எங்கள் படிவத்தில் ஒரு கட்டம் உண்டு:
பதில்கள் நம்பத்தக்கவை அல்ல.
டிக் அடித்தேன். மை பேனா.

பிறகு, ஆளில்லாத ஒரு மத்தியானம்
நானும் உள்ளே போய்க் கதவைச் சாத்தினேன்.
எச்சில் விழுங்கினது இடிபோல் கேட்டது.
தாடை கிறீச்சிட்டது. காதோரம் ரத்தம் ஓடியது.
அதற்குமேல் ஒன்றுமில்லை,
பஞ்சு தின்று துப்பின அமைதி.
நான்கு நிமிடம். எழுந்து வந்துவிட்டேன்.

மாதுங்கா கோயிலில் கண்ணை மூடினால்
நான்தான் பேசிக்கொண்டிருப்பேன்:
மகன் ஃபீஸ், மாமியார் முட்டி, டிரான்ஸ்ஃபர்,
வீட்டுக்காரன் ஏற்றிய வாடகை.
இத்தனை வருஷத்தில் எதிரே இருக்கிறவருக்கு
ஒரு மூச்சு இடம் விட்டதில்லை.
நாற்பத்தெட்டு வயதில் இது தோன்றியது
கொஞ்சம் தாமதம்தான்.

தை மாத ஞாயிறு. சிவ்ரி.
கடல் உள்ளே போயிருந்தது.
அந்தப் பக்கம் எண்ணெய்த் தொட்டிகள், துருவேறிய ஒரு கப்பல்,
நடுவில் மைல் கணக்கில் சேறு,
சேற்றில் தலைகீழாய் அலகு வைத்து
ஆயிரக்கணக்கில் பூநாரைகள்.
ஒன்றுகூட நிமிரவில்லை.
எங்கோ லாரி பின்வாங்கும் பீப் பீப்.
அதுவும் ஓய்ந்தது.

முதலில் ஒன்றுமில்லை.
அப்புறம் சேறு பேசியது.
பேச்சென்றா சொல்வது?
நண்டு வளைகள் குமிழி விட்டன,
ப்ளக், இங்கே ஒன்று,
வெகுநேரம் கழித்து அங்கே ஒன்று.
அலையாத்தி வேர்கள் சேற்றைத் துளைத்து மேலே வந்து
விரல் விரலாய் நின்றன.
ஒரு குமிழிக்கும் அடுத்த குமிழிக்கும் நடுவில்
ஏதோ,
எந்த அதிர்வெண் என்று என்னால் எழுத முடியாதது,
இருந்தது.

படகுத்துறையில் சைக்கிளோடு நின்ற பையன்
கெட்டிலை எடுத்துக்கொண்டு என்னிடம் ஓடிவந்தான்.
கூப்பிடலையே, என்றேன்.
கை தூக்கினீங்களே ஆன்ட்டி, என்றான்.

பார்த்தேன். தூக்கித்தான் இருந்தேன்.
இஞ்சி அதிகம். பத்து ரூபாய்.
நின்றபடி குடித்து முடிக்கும்போது
தண்ணீர் திரும்பிவரத் தொடங்கியிருந்தது.