மூன்றாவது பெஞ்சு

ரூபே நகரில் மழை பிடித்த சனிக்கிழமைகளில்
கூடாரத்துக்குள் ஆட்டுக்கிடை வாசம் அடிக்கும்.
கம்பளி ஆலையிலிருந்து நேராக வந்தவர்கள்.
நான் பியானோ முன்னால்.
நடுவில் ஒரு கட்டை ஊமை.
அதைத் தாண்டித்தான் எல்லாச் சாவையும் வாசிப்பேன்.

திரையில் சீமாட்டி ஒருத்தி
விஷம் குடித்து மூன்று நிமிடமாகச் செத்துக்கொண்டிருந்தாள்.
மளிகைக்காரர் மூக்கைச் சிந்தினார்.
மூன்றாவது பெஞ்சில் மட்டும் சிரிப்பு.
தலையெல்லாம் கம்பளித் தூசி, அத்தனை பேரும் தறிப்பெண்கள்.

எனக்கு ஆத்திரம். இடைவேளையில் கேட்டேன்.
ஒனொரின்தான் சொன்னாள், வாயை அகலத் திறந்து,
செவிடனுக்குச் சொல்வதுபோல்:
"நூற்றிருபது தறிக்கு நடுவே
பன்னிரண்டு வருஷம் நின்று பாருங்கள், முசியே.
காது போகும். கண்ணுக்குக் காது முளைக்கும்.
'அன்பே, விடைகொடு' என்றா சொல்கிறாள் அவள்?
'காலை எடடா மாடே,
என் பாவாடைமேல் நிற்கிறாய்' என்கிறாள்."

அன்றுமுதல் எனக்கு ஒரே டிக்கெட்டில் இரண்டு படம்.
ராஜகுமாரன் மண்டியிட்டுக் கூலிபாக்கி கேட்டான்.
தேவதைக்குப் பல்வலி.
திருடனைத் துரத்திய போலீஸ்காரர்கள்
மத்தியானக் குழம்பில் பூண்டு அதிகம் என்று
பேசிக்கொண்டே ஓடினார்கள்.
பெஞ்சு சிரிக்கும் இடம் பார்த்து
நானும் விரலை முடுக்கினேன்.

பிறகு நவம்பரில் அந்த ஏணிப் படம்.
நாலே நிமிடம்.
வெள்ளையடிப்பவன், வாளி, குழந்தைவண்டி, ஒரு வாத்து.
இரண்டாம் மாடியிலிருந்து விழுகிறான்.
கூடாரம் பிய்ந்துவிடும்போல் சிரிப்பு.
பிள்ளைகள் பலகையை உதைத்தார்கள்.
மளிகைக்காரருக்கு இப்போதும் கண்ணீர்தான்.

மூன்றாவது பெஞ்சு சிரிக்கவில்லை.

ஸெஃபிரின் சால்வை முனையைக் கடித்துக்கொண்டிருந்தாள்.
தரையில் கிடந்தவனின் வாய் அசைந்தது,
மாவு பூசிய முகத்தில் சின்னக் கறுப்புப் பொத்தல்.
வாத்து அவன்மேல் ஏறி நடந்தது.
மறுபடி சிரிப்பு.

என்ன சொன்னான் என்று நான் கேட்கவில்லை.
வெளியேறும் வழியில் ஒனொரின் என் முன் நின்றாள்.
குரல் இல்லை. உதடு மட்டும், மெதுவாக.
நானும் அதற்குள் கொஞ்சம் படித்திருந்தேன்:
"நிறுத்துங்கள். சுற்றுவதை நிறுத்துங்கள்."

ஒன்பது மணிக் காட்சிக்கு அதே சுருள்.
ஆப்பரேட்டர் கைப்பிடியைச் சுற்றினான்.
முதலாளி என்னைப் பார்த்து, ம், வேகம், என்று கையசைத்தார்.
அவன் விழுந்தான்.
அந்த ஊமைக் கட்டையை
அழுத்தினேன்,
அழுத்தினேன்.