கவ்வாத்து

அப்புத்தளை ரயிலடிக்கு மேலே
டேலியா பூத்த பங்களாவில்
பதினாறு வருடம் இருந்தார் லயனல் ஆஷ்கம்ப்.
அதற்கு முன் புளோரன்ஸ், தாஞ்சியர், அலெக்சாந்திரியா.
எந்த ஊரிலும் வெயில் ஏறுமுன் எழுந்ததில்லையாம்.
இங்கே பிரட்டுத் தப்பு எழுப்பிவிட்டது.

எலுமிச்சை நிறப் பட்டுக் கழுத்துப்பட்டி நாற்பத்தொன்று,
மூக்குடைந்த சலவைக்கல் பையன் ஒன்று:
ஏலக்காரன் எழுதிய பட்டியல் என் மேசையில்.
யாரும் கேட்காத டிரங்குப் பெட்டி மட்டும்
நூலகத்துக்கு வந்தது.
அவருடைய ஐந்து நாவலுக்கும்
எண் போட்டு ஒட்டியவள் நான்.

முதல் நாலுக்கு நீங்கள் மெனக்கெட வேண்டாம்.
ஒரு மாதுளம்பழத்தை மூன்று பக்கம் உரிக்கிறார்,
கடைசிவரை யாரும் தின்பதில்லை.
திரைச்சீலையின் நிறம் பிடிக்காமல்
ஒருத்தி கல்யாணத்தை முறிக்கிறாள்.
அழகாகத்தான் முறிக்கிறாள், அதையும் சொல்லவேண்டும்.

ஐந்தாவதும் அப்படித்தான் தொடங்கியிருக்கிறது.
பெட்டிக்குள் எழுநூறு தாள்.
மூடுபனிக்கு மட்டும் இருபத்தேழு உவமை.
தேயிலை மலை
"எந்தக் கையும் தொடாத பச்சை."
பென்சிலை வைத்துவிட்டு ஜன்னலைப் பார்த்தேன்.
எதிர் மலையில் கைகள்.
எண்ணத் தொடங்கி விட்டுவிட்டேன்.

பிறகு ஓர் ஆகஸ்டு. நாட்குறிப்பில்
கோணல் எழுத்து:
நாலாம் நம்பர் மலையைக் கொன்றுவிட்டார்கள்.
குச்சி குச்சியாய் நிற்கிறது.
பெரிய தொரையிடம் முறையிட்டேன், சிரித்தார்.

அடுத்த ஒன்பது வாரம் நாட்குறிப்பில் எழுத்தே இல்லை.
ஒரு தாளில் தேநீர்க் கறை.

அக்டோபர் கடைசியில் ஒரே ஒரு வரி:
குச்சியில் சிவப்பாக ஏதோ.

அன்றைக்கே ஆரம்பித்திருக்கவேண்டும்.
கருநீல மையால் ஒரே வெட்டு.
இருபத்தேழில் ஓர் உவமையும் மிஞ்சவில்லை.
எழுநூறு, தொண்ணூற்றாறாய் நிற்கிறது.
ஓரத்தில், பிள்ளை கிறுக்கியதுபோல் தமிழில்
கவவாத்து என்று எழுதியிருக்கிறார்.
வகரத்துக்குப் புள்ளி வைக்க மறந்துபோச்சு.

தொடாத பச்சை இருந்த இடத்தில்
இப்போது இப்படி:
"மருதவீரனுக்கு இடது கையில் நாலு விரல்."
அவ்வளவுதான். அடுத்த பத்தி மழை.

அச்சில் அந்த வரி இல்லை.
யார் இந்த மருதவீரன்,
கதையில் வேறெங்கும் வரவில்லையே என்று
லண்டனிலிருந்து பதிப்பாளர் கடிதம்.
அதற்கு இவர் பதில் போட்டாரா, தெரியாது.
பெட்டியில் இல்லை.

ஐம்பத்திரண்டாம் பக்கத்தில்
பென்சிலால் எழுதிவைத்திருக்கிறேன்.
புத்தகத்தில் எழுதக்கூடாதென்று
மும்மொழியிலும் சுவரில் ஒட்டியவளும்
நான்தான்.