பொருந்தாததை அடிக்கவும்

ஆறாம் நம்பர் ஜன்னலுக்கு அவர் வந்தது
நோம்பி லீவு முடிந்த திங்கட்கிழமை.
பெயர் வெள்ளிங்கிரி. ஊர் ஒண்டிப்புதூர்.
வயது எழுபத்தெட்டு என்றது ரேஷன் கார்டு,
எண்பத்தொன்று என்றார் அவர்.

நலிந்த கலைஞர் உதவித்தொகை, படிவம் மூன்று.
தொழில்: நடிகர் / படத்தொகுப்பாளர்
(பொருந்தாததை அடிக்கவும்).
"ரெண்டும் நானேதானுங்க."
"ரெண்டுக்கும் சேத்திக் கட்டம் இல்லீங்க."

சிங்காநல்லூர்க் குளத்துக்கு அக்கட்டாலே ஒரு ஸ்டுடியோ.
இப்போது அது மோட்டார் பம்பு குடோன்.
அங்கே பதினாலு வருஷம் வெட்டி ஒட்டியிருக்கிறார்.
கூட்டத்துக்குப் பேசிய ஆள் வராத நாளெல்லாம்
எடிட்டிங் ரூம் கதவைத் தட்டுவார்களாம்:
"வெள்ளிங்கிரி, சித்த வந்து செத்துட்டுப் போ."
போலீஸ், பிணம், பந்தியில் மூன்றாவது இலை,
மாப்பிள்ளைக்குக் குடை பிடிப்பவன்.
வேஷம் கலைத்து, பவுடர் போகாத காதோடு
ராத்திரி உட்கார்ந்து
தன்னையே கத்தரிப்பார்.

"ஒவ்வொருக்காவும் லைட்டைப் பாத்துப் போடறனுங்க.
லைட்டைப் பாக்கற பொணம்
எந்த ஊர்லீங்க இருக்குது?"

பதினேழு படம். மிஞ்சியது ஒன்று.
கடுதாசி கொண்டுவரும் தபால்காரர்.
கேட்டில் கை வைத்துத் திரும்பிப் பார்க்கும் ஆறடி பிலிம்.
ஆறடி என்றால் நாலு நொடி.
"அதையும் எடுத்திருப்பனுங்க.
எடுத்தா அந்தப் புள்ள வாசல்ல நிக்கறது
முன்ஷாட்டோட ஒட்டலை."

திரையில் பெயர் வந்ததற்கு ஆதாரம் கேட்டேன்.
டைட்டில் நீளமென்று முதலாளி கத்தியபோது
முதலில் போன கார்டு அவருடையது.
எடுத்ததும் அவரேதான்.

வெள்ளிக்கிழமை நடுச்சாமம்
பழைய படம் போடும் சேனலில் அது வந்தது.
ஹாலில் ஒறம்பரை படுத்திருந்தார்கள்,
சத்தத்தைச் சுத்தமாகக் குறைத்துவிட்டு
டிவிக்கு ஒரு முழம் தள்ளி உட்கார்ந்தேன்.
காக்கிச் சட்டை முதுகு. தோளில் பை.
கை கேட்டின்மேல் விழுகிறது,
தவிட்டு எண்ணெய் விளம்பரம்.
அது முடிந்தபோது
அவள் கடுதாசியைப் பாதி படித்து அழுதிருந்தாள்.

திங்கட்கிழமை சொன்னேன். சொல்லாமல் இருந்திருக்கலாம்.
"எந்த எடத்துல வெட்டுனாங்க?"
"கை கேட்டுல பட்டதும்."
கண்ணை மூடி
உள்ளே எதையோ ஓட்டிப் பார்த்தார்.
விரல் மேசையில் ஒருதரம் தட்டியது.
"சரியான எடந்தானுங்க.
அதுக்கப்புறம் நான் லைட்டைத்தான் பாக்கறன்."

பேனாவை வாங்கி, ஸ்கேல் இல்லாமல்,
ஸ்கேல் வைத்தது போல
நடிகரை அடித்தார்.

கீழே இன்னொரு கட்டம்:
சான்றை நேரில் சரிபார்த்தவர்.
கையெழுத்துப் போட்டேன்.
முகத்தைப் பார்க்கவில்லை, கையைத்தான் பார்த்தேன்
என்று எழுத அதில் இடம் இல்லை.
அடுத்த டோக்கன் அறுபத்திரண்டு.
அவிநாசி. தவில்.