ஓடையின் குரல்

பதினோராவது இரவு.
முழங்கால்வரை நீரில் சோய்லா கிஷ்பே.
அவளுடைய ஒரே உலர்ந்த சட்டை
கேமராவைப் போர்த்தியிருக்கிறது.
மைக்குக்குக் குடை பிடித்து
நான் நனைகிறேன்.

இலைக்கடியில்
கட்டைவிரல் நகத்தளவு கண்ணாடித் தவளை.
வயிற்றில் தோல் இருக்கிறதென்று சத்தியம் செய்யலாம்,
காட்ட முடியாது.
உள்ளே இதயம்,
ஒரு சிவப்பு எறும்பு ஓயாமல் கதவைத் தட்டுவதுபோல.

பக்கத்தில் முட்டைகள், இருபத்து மூன்று.
குளவி வந்தால் பின்னங்காலால் எட்டி உதைக்கிறான்.
தாய் முதல் இரவே போய்விட்டாள்.
சோறு தண்ணி இல்லாமல் காவலிருக்கிறானே என்றேன்.
"தண்ணிக்கு என்ன குறை" என்றாள் சோய்லா,
தன் பூட்ஸைக் கவிழ்த்து
ஓடையை ஓடைக்கே திருப்பிக் கொட்டியபடி.

அவன் கத்தும்போதெல்லாம்
மேலே ஒரு வௌவால் காதைத் திருப்புகிறது.
தவளை தன் வாயால் கெடும்.
கத்தாத தவளையும் கெடும்;
கொஞ்சம் தாமதமாக,
பிள்ளையில்லாமல்.

கீழே சான் இலாரியோவில்
செம்புக்குத் துளை போடும் மஞ்சள் லாரிகள்.
பள்ளிக்கூடச் சுவரில் படுக்கை விரிப்பைக் கட்டி
எடுத்தவரை ஓட்டிக் காட்டினோம்.
"இந்த நகத்துண்டுக்காகவா என் மகன் கூலியை விட வேண்டும்?"
பின்வரிசையில் எரிபெர்த்தோ சிம்பா.
யாரும் சிரிக்கவில்லை. அது நியாயமான கேள்வி.
அதற்குள் விரிப்பு முழுக்க
மேசையளவு இதயம் ஒன்று துடிக்க,
சிறுமி ஒருத்தி சத்தமாக எண்ணத் தொடங்கினாள்.
நாற்பதில் தப்பு விட்டு மறுபடி ஒன்றிலிருந்து.
எரிபெர்த்தோ பாதியில் எழுந்து போனார்.
போகும்போது வாசல் விளக்கை அணைத்துவிட்டுப் போனார்,
படம் தெளிவாகத் தெரியட்டுமென்றோ
மின்சாரம் மிச்சமென்றோ.
நான் கேட்கவில்லை.

வக்கீல் சொன்னார்:
எந்த ஓடை என்று சொன்னால்தான் வழக்கு நிற்கும்.
அதே வாரம் ஒரு கடிதம், முகவரியில்லாமல்:
ஒரு ஜோடிக்கு இரண்டாயிரம் டாலர்,
எந்த ஓடை என்று மட்டும் சொல்லுங்கள்.

இரண்டு தாள்களையும்
சோய்லா ஒரே காந்தத்தின் கீழ்
குளிர்பெட்டிக் கதவில் மாட்டினாள்.
மூன்று நாள் பால் எடுக்கும்போதெல்லாம் படித்தாள்.

நீதிபதிக்கு மட்டும், பூட்டிய அறையில்,
வரைபடத்தில் விரல் வைத்துக் காட்டினாள்.
ஊருக்குக் காட்டும் படத்தில்
மலையின் விளிம்பை மங்கலாக்கினாள்,
அடையாளப் பாறையை வெட்டினாள்.
என்னிடம் வந்தாள்:
"தண்ணீரை மாற்று."

ஓடைகள் ஒன்றுபோல் பேசுவதில்லை.
இது கூழாங்கல்லில் தடுக்கித் தடுக்கிப் பேசும்.
இருபது வருஷத் தொழிலில்
இவ்வளவு கவனமாக நான் பொய் சொன்னதில்லை:
அதன் குரலை உருவியெடுத்து
நூறு மைல் தள்ளி ஓடும் இன்னோர் ஓடையை
அந்தத் தவளையின் காலடியில் ஊற்றினேன்.

தீர்ப்பு இன்னும் வரவில்லை.
லாரிகள் நிற்கின்றன; போகவுமில்லை.

அசல் ஒலிநாடா
கீட்டோவில் என் காலுறை டிராயரில் கிடக்கிறது.
தூக்கம் வராத இரவுகளில் போட்டுக் கேட்பேன்.
பதினோராவது இரவு, இரண்டு மணி பத்து நிமிடம்:
சோய்லா தும்முகிறாள்.
ஓடை தடுக்குகிறது.
ஒரு நொடி விட்டு
அவன் பதில் சொல்கிறான்.