பதினான்காவது பத்தி

நம்பியவர் ஒருவராவது வேண்டும் என்றார் வக்கீல் பாவ்சார்.
பொய் என்று நிரூபிப்பது அப்புறம்.
முதலில், அதைப் படித்துவிட்டு
உங்களை ஒருபடி கீழே வைத்துப் பார்த்த
ஓர் ஆளைக் கூட்டி வாருங்கள்.
மானம் போயிற்று என்று
மானம் போனவளே சொன்னால் கணக்கில் வராதாம்.

அகோலாவில் அன்று நாற்பத்தைந்து டிகிரி.
பருத்திச் சந்தையில் மிருண்மயி இழையின் நீளம் பார்ப்பவள்.
நான் எடைமேடைக்காரி.
லாரி ஏறும், எண் ஓடும், நிற்கும்,
சீட்டைக் கிழித்துத் தருவேன்.

யாரைக் கேட்பது என்று ஒரு வாரம் யோசித்தாள்.
அக்காவோடு பேச்சுவார்த்தை இல்லை.
மேலாளர் படித்திருந்தால் சிரித்திருப்பார், நம்பியிருக்க மாட்டார்,
அல்லது நம்பிச் சிரித்திருப்பார்.
கடைசியில் என் கண்ணாடித் தடுப்பை நாணயத்தால் தட்டி,
"சும்மா ஒரு பேச்சுக்கு, சுநேத்ரா.
நம்பினேன் என்று சொல்லிவிடு" என்றாள்.

சும்மா ஒரு பேச்சுக்கு.

குடும்ப நீதிமன்றத்தில் ஹேமந்த் போட்ட பதில் மனு
பதினேழு பக்கம்.
மூன்று படி ஜெராக்ஸ் எடுக்க அவள் என்னைத்தான் அனுப்பினாள்.
படிக்கச் சொல்லவில்லை.
மின்சாரம் போய் இயந்திரம் நின்றுபோன பத்து நிமிடம்
பதினான்காவது பத்தி என் மடியில் கிடந்தது.
இரண்டாவது பெண் தனக்குப் பிறந்தவள் அல்ல.
நாக்பூரில் பயிற்சி என்று மனைவி போன
மூன்று இரவுகளின் தேதிகள், வரிசையாக.

அந்த மூன்று இரவும்
அவளோடு ஒரே அறையில் படுத்தவள் நான்.
அவள் குறட்டைக்குத் தலையணையால் காதை மூடியவள் நான்.

ஆனாலும்
குழந்தையின் பிறந்த நாளிலிருந்து பின்னோக்கி
விரல் மடக்கி எண்ணினேன்.
ஒன்பதில் விரல் நின்றது.
இரண்டாம் இரவு நான் அசந்து தூங்கியது நினைவுக்கு வந்தது.
என் தூக்கத்தை
அவள் கணக்கில் எழுதினேன்.

கூண்டில் ஏறினேன்.
படித்தீர்களா?
படித்தேன்.
படித்ததும்?
என் பார்வையில் அவருடைய மதிப்பு குறைந்தது.
நீதிபதி அம்மா அதைச் சட்ட மராத்தியில் சொல்ல
தட்டச்சர் தட்டினார்.
மிருண்மயி லேசாகத் தலையாட்டினாள்,
நன்றாக நடிக்கிறேன் என்று.

எதிர் வக்கீலுக்குப் பஞ்சு போன்ற குரல்.
தன் கட்சிக்காரர் நல்லெண்ணத்தில் சொன்னாராம்,
தன் உரிமையைக் காத்துக்கொள்ளச் சொன்னாராம்.
பிறகு என் பக்கம் திரும்பி,
"அதே அறையில் இருந்தீர்கள்.
பொய் என்று உங்களுக்கே தெரியும்.
தெரிந்த பொய்யால் எப்படியம்மா மதிப்பு குறையும்?"

எங்கள் எடைமேடையில் வண்டி ஏறாதபோதும்
எண் அசையும் ஐயா,
காற்றடித்தால் போதும்.
இதை நான் சொல்லவில்லை.
"தெரிந்தும் நம்பினேன்" என்றேன். "இரண்டு நாள்."

எழுதவா என்பதுபோல் தட்டச்சர் நிமிர்ந்தார்.
எழுது என்றார் நீதிபதி.
ஹேமந்த் முதன்முறையாகக் கைபேசியை விட்டுக் கண்ணெடுத்து
என்னைப் பார்த்தான்,
கூட்டத்தில் சொந்தக்காரியைக் கண்டுகொண்டவன் போல.

வெளியே பாவ்சாருக்கு ஒரே சந்தோஷம்.
இதைவிட நல்ல சாட்சி கிடையாது,
கேட்டவர் யாரும் சொல்லிக்கொடுத்தது என்று சொல்ல முடியாது.
மிருண்மயி எனக்கு ஆட்டோ காசை எண்ணிக்கொண்டிருந்தாள்.
எண்ணி முடித்தும் கையை நீட்டவில்லை.

"எந்த இரண்டு நாள்?"
"வெள்ளி, சனி."
"சனிக்கிழமை உன் வீட்டில் சாப்பிட்டேன்."
"ஆமாம்."
"பூரண்போளி."
"ஆமாம்."
"நெய் குறைவாகத்தான் இருந்தது" என்றாள்.

வாய்தா ஜூலை ஒன்பதுக்கு.
அவள் ஏறிய ஷேர் ஆட்டோவில்
இன்னும் ஓர் ஆளுக்கு இடமிருந்தது.
கொஞ்ச நேரம்
அது கிளம்பாமல் நின்றது.